அறிவுள்ளவர்களின் மதியீனம்

பணத்தைப் பறிகொடுத்த ஒருவரைக் குறித்துக் கேள்விப்படும்போது நம் வாயிலிருந்து முதலில் வருகிற கேள்வி என்ன? "இவ்வளவு படித்தவருக்குப் புத்தி எங்கே போயிற்று?" என்பதுதானே? மின்சார இரயிலில் செய்தித்தாளை விரித்துக்கொண்டு நாம் இந்தக் கேள்வியைப் பலமுறை கேட்டிருக்கிறோம். கேட்டுவிட்டு, நமக்கு இப்படியெல்லாம் நேராது என்கிற ஒரு சிறு நிம்மதியோடு அடுத்த பக்கத்தைப் புரட்டியிருக்கிறோம். அந்த நிம்மதியைக் குறித்தே இம்மாதம் உங்களோடு பேச விரும்புகிறேன். அதே நிம்மதியோடு பக்கத்தைப் புரட்டிக்கொண்டிருந்த நான், 2007-ஆம் ஆண்டில் 80,000 ரூபாயை இழந்தேன். நான் மட்டும் இழந்திருந்தால் இதை எழுதத் துணிந்திருக்கமாட்டேன்.

என் காரியத்துக்கு வருமுன், என்னைவிடப் பன்மடங்கு கற்ற ஒருவருக்கு நேர்ந்ததைச் சொல்லுகிறேன். அமெரிக்காவில் ஸ்டீபன் கிரீன்ஸ்பான் என்றொரு உளவியல் பேராசிரியர் இருக்கிறார். மனிதர்கள் ஏன் எளிதில் ஏமாறுகிறார்கள் என்பதையே தம் ஆராய்ச்சிப் பொருளாகக் கொண்டவர். 'அன்னல்ஸ் ஆஃப் கல்லிபிலிட்டி' என்ற அவருடைய நூல் 2008-ஆம் ஆண்டின் இறுதியில் வெளிவந்தது. ஏமாறுவோரின் வரலாறு என்று அந்தத் தலைப்பைப் பெயர்க்கலாம். அதே டிசம்பர் மாதம் 11-ஆம் தேதி நியூயார்க்கில் பெர்னார்ட் மேடாஃப் என்பவர் கைது செய்யப்பட்டார். புதிதாக வருகிறவர்களின் பணத்தை எடுத்துப் பழையவர்களுக்கு இலாபம் என்று கொடுத்து, பல்லாயிரம் கோடி டாலர் மோசடி நடத்தியவர் அவர். பணத்தைப் பறிகொடுத்தவர்களின் வரிசையில் நம் பேராசிரியரும் நின்றார்! ஓய்வுக்காலத்துக்கென்று அவர் சேர்த்து வைத்திருந்ததில் ஏறக்குறைய முப்பது விழுக்காடு போயிற்று.

இதைக் கேட்டு நகைக்கத் தோன்றுகிறதல்லவா? எனக்கும் முதலில் அப்படித்தான் இருந்தது. ஆனால் அந்த மனிதர் செய்ததைப் பாருங்கள். வெட்கப்பட்டு ஒளிந்துகொள்ளாமல், அடுத்த மாதமே ஒரு நாளேட்டில் தம்முடைய மதியீனத்தையே எடுத்து ஆராய்ந்து எழுதினார். மனிதன் மதியீனமாய் நடப்பதற்கு நான்கு காரியங்கள் ஒன்றுசேர்கின்றன என்பது அவருடைய கருத்து. அவன் நிற்கிற சூழ்நிலை, அந்தக் காரியத்தில் அவனுக்குள்ள அறிவின் அளவு, அவனுடைய சுபாவம், அந்த நேரத்தில் அவனுடைய உள்ளத்தின் நிலை ஆகியவையே அவை. அவருடைய விஷயத்தில் சூழ்நிலை எப்படி இருந்தது? சகோதரியின் வீட்டுக்குப் போயிருந்தார். அவர்களுக்கு நெருங்கிய நண்பர் ஒருவர் இந்த முதலீட்டில் ஆட்களைச் சேர்த்துக்கொண்டிருந்தார். குடும்பத்தார் நம்பினார்கள், நண்பர் தாமே பணம் போட்டிருந்தார். பண விவகாரங்களில் பேராசிரியருக்கு ஞானம் குறைவு. அதை வளர்த்துக்கொள்ளச் சோம்பலும் உண்டு என்று அவரே ஒப்புக்கொண்டார். விவரம் தெரிந்த வேறொரு நண்பர் எச்சரித்தபோது, "இவன் எதையும் சந்தேகிக்கிறவன்" என்று எண்ணித் தள்ளிவிட்டார்.

அந்தக் கடைசிச் செய்தியை முதன்முதலில் வாசித்தபோது தாளை மடித்து வைத்துவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். எனக்கும் அப்படி ஒருவர் இருந்தார்.

வேதாகமக் கல்லூரியில் எங்களுக்கு எபிரெயம் கற்பித்த ஆசிரியர், நீதிமொழிகள் புத்தகத்தில் மூடனைக் குறிக்க ஒரே சொல் இல்லை, பல சொற்கள் உண்டு என்று விளக்குவார். தமிழ் வேதாகமத்தில் பேதை, மூடன், மதியீனன், பரியாசக்காரன் என்று அவை வருகின்றன. அவற்றில் பேதையைக் குறிக்கும் 'பெத்தி' என்ற சொல், திறந்திருத்தல் என்ற பொருளுள்ள வினையோடு தொடர்புடையது. கதவு திறந்து கிடக்கிற வீடு என்று அவர் கரும்பலகையில் வரைந்து காட்டுவார். யாரும் உள்ளே வரலாம், கேட்பார் இல்லை. நாங்கள் அதைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டு நல்ல மதிப்பெண் பெற்றோம். என் வீட்டுக் கதவைப் போய்ப் பார்க்கவேண்டும் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை.

என் கதை இதுதான். மும்பையில் நான் ஊழியம் செய்துவந்த சபையில் ஒரு மூத்த சகோதரர் இருந்தார். அரசுப் பணியிலிருந்து ஓய்வுபெற்றவர். ஆராதனைக்கு ஐந்து நிமிடம் முன்பாகவே வந்து அமருகிறவர். கடன் என்று ஒருவரிடமும் கைநீட்டாதவர். அவர் ஒரு நிறுவனத்தைக் குறித்துச் சொன்னார். பணம் போட்டால் மாதம் நூற்றுக்கு ஆறு ரூபாய் தருகிறார்கள் என்றார். அவருக்கு எட்டு மாதங்களாகத் தவறாமல் வந்திருந்தது. ஊரில் என் தகப்பனார் வீட்டுக் கூரை ஒழுகிக்கொண்டிருந்தது. ஓடுகளை மாற்றிக் கான்கிரீட் போடுவதற்காக நானும் என் மனைவியும் ஆறு ஆண்டுகளாகச் சேர்த்த 80,000 ரூபாய் கையில் இருந்தது. அதற்கு இரண்டு லட்சமாவது வேண்டும். இரண்டு லட்சம் சேர்வதற்குள் அப்பா இருப்பாரோ மாட்டாரோ என்ற கவலை இரவில் என்னை எழுப்பும். பணத்தைக் கொடுத்தேன்.

வாசகரே, மாதம் ஆறு விழுக்காடு என்றால் என்ன என்று கணக்கிட்டுப் பாருங்கள். வட்டியை எடுக்காமல் விட்டுவைத்தால் ஒரே ஆண்டில் பணம் இரட்டிப்பாகும். பத்து ஆண்டில் ஏறக்குறைய ஆயிரத்து எண்பத்தெட்டு மடங்காகும். அதாவது என் 80,000 ரூபாய், 8 கோடியே 70 லட்சம் ஆகியிருக்கவேண்டும்! எந்த நேர்மையான வியாபாரம் இதைத் தரும்? கிரேக்க வினைச்சொற்களின் காலங்களை நெட்டுருவாய்ச் சொல்லத் தெரிந்த எனக்கு, எட்டாம் வகுப்புப் பிள்ளை போடக்கூடிய இந்தக் கணக்கைப் போடத் தோன்றவில்லை. தெரியாமல் அல்ல, தோன்றவில்லை. இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டைத்தான் நான் உங்களுக்குக் காட்ட விரும்புகிறேன்.

நம்முடைய தமிழகத்திலேயே இதைக் குறித்து ஓர் ஆராய்ச்சி நடந்தது. விழுப்புரம், திருவண்ணாமலைப் பகுதிகளைச் சேர்ந்த 54 கிராமங்களில் 464 கரும்பு விவசாயிகளை ஆராய்ச்சியாளர்கள் சந்தித்தார்கள். கரும்பு விவசாயிக்குப் பணம் வருவது அறுவடையின்போதுதான். ஆகவே அறுவடைக்கு முந்தின மாதங்களில் கை வறண்டிருக்கும். நகைகள் அடகுக் கடைக்குப் போயிருக்கும். அறுவடைக்குப் பின் சற்று மூச்சுவிடலாம். அதே மனிதருக்கு அறுவடைக்கு முன் ஒருமுறையும் பின் ஒருமுறையும் சிந்தனைத் திறனைச் சோதிக்கும் புதிர்களைக் கொடுத்தார்கள். அறுவடைக்கு முன், தவறுகள் அதிகம். பதில் சொல்ல எடுத்துக்கொண்ட நேரமும் அதிகம். ஆள் மாறவில்லை, படிப்பு மாறவில்லை. மனதில் சுமந்துகொண்டிருந்த கவலைதான் மாறியிருந்தது. 2013-ஆம் ஆண்டு 'சயின்ஸ்' இதழில் ஆனந்தி மணி, செந்தில் முல்லைநாதன், எல்டார் ஷஃபீர், ஜியாயிங் ஜாவோ ஆகியோர் இதை வெளியிட்டார்கள். பணக்கவலை மூளையில் ஏற்றும் பாரத்தை, ஓர் இரவு முழுவதும் தூங்காதவனுடைய நிலையோடு அவர்கள் ஒப்பிட்டார்கள். அந்தப் பாதிப்பின் அளவைக் குறித்து அறிஞரிடையே விவாதம் உண்டு. ஆனாலும் மாதக் கடைசியில் வாடகைக்கும் பள்ளிக் கட்டணத்துக்கும் இடையே நின்றிருக்கிற எவருக்கும் அந்த முடிவு அந்நியமாகத் தோன்றாது.

ஆகவே, ஏமாந்த ஏழையைப் பார்த்துப் "பேராசை" என்று ஒரே சொல்லில் தீர்ப்பிடுகிற வழக்கத்தை நான் விட்டுவிட்டேன். பேராசைக்காரர் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் என்னிடம் வந்து அழுதவர்களில் பலர் மகளின் திருமணம், தாயின் அறுவை சிகிச்சை, ஊரிலுள்ள கடன் என்று ஏதோ ஒரு தேதியை நோக்கி ஓடிக்கொண்டிருந்தவர்கள். ஓடுகிறவனுக்குப் பக்கத்தில் இருப்பது கண்ணில் படாது.

கவலை மாத்திரம் காரணமானால், ஏமாறுகிறவர்கள் எல்லாரும் ஏழைகளாய் இருக்கவேண்டுமே! மேடாஃபிடம் பணம் கொடுத்தவர்கள் கோடீஸ்வரர்கள். அவர்களை ஏமாற்றியது எது? அவர் யூதர், அவரிடம் பணம் கொடுத்தவர்களிலும் யூதரும் யூத அறக்கட்டளைகளும் மிகுதி. நாசிகோபத்தால் கொல்லப்பட்ட அறுபது லட்சம் யூதரின் நினைவைத் தம் எழுத்தில் சுமந்த எலி வீசலின் அறக்கட்டளையும் அதில் பெருந்தொகையை இழந்தது. "நம்மவர், நம்மை ஏமாற்றுவாரா?" என்பதே அவருடைய மூலதனம். பெங்களூருவில் ஐ.எம்.ஏ. என்ற நிறுவனம் 2019 ஜூனில் நிலைகுலைந்தபோது தெருவில் நின்றவர்களில் பெரும்பாலோர் இஸ்லாமியக் குடும்பத்தார். வட்டி வாங்குவது தங்கள் மார்க்கத்துக்கு ஆகாது என்பதால், இலாபத்தில் பங்கு என்று சொல்லப்பட்டதை நம்பினவர்கள். நம்முடைய சபைகள் இதற்கு விதிவிலக்கு என்று எண்ணுகிறீர்களோ? ஆராதனை முடிந்து தேநீர்க் கோப்பையோடு நிற்கும்போது எத்தனை திட்டங்கள் கைமாறுகின்றன என்பதை நான் அறிவேன்.

இதில் நகரத்துக்குக் குடிவந்த நமக்கு ஒரு தனிப்பட்ட பலவீனம் உண்டு. ஊரில் ஒரு மாட்டை வாங்குவதானாலும் சித்தப்பாவிடம் கேட்போம், மாமாவிடம் கேட்போம். டீக்கடையில் உட்கார்ந்திருக்கிற பெரியவர் கேட்காமலே சொல்லுவார். இங்கே அந்தச் சுற்றம் இல்லை. பத்துக்குப் பத்து அறையில் நாமும் நம் முடிவுகளும்தான். அந்த வெறுமையை நிரப்புவது ஒன்று ஊர்ச் சங்கம், இல்லையேல் சபை. அங்கே ஒருவர் நல்லவர் என்று கண்டுவிட்டால், அவர் சொல்லுகிற எல்லாக் காரியத்திலும் அவர் விவரமுள்ளவர் என்று ஒப்புக்கொண்டுவிடுகிறோம். என் மூத்த சகோதரர் பொய் சொல்லவில்லை. அவர் என்னைவிட அதிகமாக இழந்தார். அவருடைய ஒழுக்கத்தை வைத்து அவர் காட்டிய நிறுவனத்தை நான் அளந்ததுதான் பிழை. ஊரில் இருந்தால் தப்பிவிடலாம் என்றும் சொல்வதற்கில்லை. 2012-இல் பெருந்துறைப் பக்கம் ஈமு கோழிப் பண்ணைகளில் பணம் போட்டவர்கள், சித்தப்பாவும் மாமாவும் பக்கத்தில் இருந்தவர்களே. சித்தப்பாவும் போட்டிருந்தார், அவ்வளவுதான்.

எல்லாரும் ஒன்றைச் சொல்லும்போது தனி மனிதனுக்கு என்ன நேரிடுகிறது? 1950-களில் சாலமன் ஆஷ் என்ற உளவியலாளர் கல்லூரி மாணவர்களைக் கொண்டு இதைச் சோதித்தார். ஓர் அட்டையில் ஒரு கோடு. மற்றோர் அட்டையில் மூன்று கோடுகள். முதல் கோட்டுக்குச் சமமான நீளமுள்ளது எது என்று சொல்லவேண்டும். தனியே விட்டால் எவரும் தவறமாட்டார்கள், அவ்வளவு எளிது. ஆனால் அறையில் இருந்தவர்களில் ஒருவன் தவிர மற்றவர்கள் எல்லாரும் முன்கூட்டியே சொல்லிவைக்கப்பட்டவர்கள். ஒருவர்பின் ஒருவராக ஒரே தவறான பதிலைச் சொல்லுவார்கள். கடைசியில் அந்த அப்பாவியின் முறை வரும். கண் ஒன்றைச் சொல்லுகிறது, அறை மற்றொன்றைச் சொல்லுகிறது! ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு வேளைகளில் அவர்கள் அறையோடு சேர்ந்துகொண்டார்கள். ஆயினும் இச்சோதனையில் என்னை அதிகமாய்த் தொட்டது வேறொன்று. அந்தக் கூட்டத்தில் ஒரே ஒருவரைச் சரியான பதில் சொல்லும்படி ஏற்பாடு செய்தபோது, தவறுகள் நான்கில் ஒரு பங்காகக் குறைந்துவிட்டன. ஒரே ஒரு குரல்!

வேதத்தை வாசிக்கிற உங்களுக்கு இந்த இடத்தில் இஸ்ரவேலின் ராஜாவாகிய ஆகாபின் அரண்மனை நினைவுக்கு வந்திருக்கும். கீலேயாத்திலுள்ள ராமோத்தின்மேல் யுத்தத்துக்குப் போகலாமா என்று கேட்டபோது, ஏறக்குறைய நானூறு தீர்க்கதரிசிகள் போகலாம் என்றார்கள். மிகாயா ஒருவன் மறுத்தான். அவனை அழைக்கப்போன ஆள் வழியிலேயே, எல்லாரும் சொல்வதையே நீயும் சொல்லிவிடு என்று ஆலோசனை கொடுத்ததைக் கவனித்திருக்கிறீர்களா? எக்காலத்திலும் அப்படி ஓர் ஆள் வழியில் இருப்பான். நான் பிரசங்கங்களில் ஆகாபைத்தான் எப்போதும் குற்றப்படுத்துவேன். ஆனால் இப்போது என் மனம் நிற்பது யோசபாத்திடம். வேறொருவரைக் கேட்கலாமே என்று முதலில் வற்புறுத்தியவன் அவன்தான். மிகாயா பேசியதை முழுவதும் கேட்டான். கேட்டபின்பும் இரதத்தில் ஏறி யுத்தத்துக்குப் போனான்! கேட்பது வேறு, கேட்டபடி நிற்பது வேறு.

என் மிகாயா, என் மனைவியின் தமையனார். தூத்துக்குடியில் இருந்தார். அக்காலத்தில் தொலைபேசிக்கு நிமிடக் கணக்கு. ஆகவே அவர் சுருக்கமாகத்தான் பேசுவார். "மாப்பிள்ளை, அந்தக் கம்பெனி என்ன தொழில் பண்ணுது? அதை மட்டும் கேட்டுச் சொல்லுங்க" என்றார். நான் கேட்கவில்லை. ஊரிலேயே இருக்கிறவருக்கு மும்பையின் வேகம் என்ன தெரியும் என்று மனைவியிடம் சொன்னேன். மூன்று மாதம் வட்டி ஒழுங்காக வந்தபின், அவரிடம் அதைச் சற்றுக் கர்வத்தோடு சொல்லவும் சொன்னேன். அவர், "சரி" என்றார்.

இந்த வட்டி வருவதிலுள்ள சூட்சுமத்தை விளங்கிக்கொள்ள, பீட்டர் வேசன் என்ற பிரிட்டிஷ் உளவியலாளர் 1960-இல் வெளியிட்ட ஓர் எளிய சோதனை உதவுகிறது. உங்கள் வீட்டுப் பிள்ளைகளிடம் செய்து பாருங்கள். 2, 4, 6 என்ற எண்கள் ஒரு விதிக்கு உட்பட்டவை. வேறு மூன்று எண்களைச் சொல்லிச் சொல்லி அந்த விதியைக் கண்டுபிடி என்று கேளுங்கள். பிள்ளை 8, 10, 12 என்னும். சரி என்பீர்கள். 20, 22, 24 என்னும். அதுவும் சரி. இரண்டிரண்டாகக் கூடும் எண்கள் என்று வெற்றியோடு சொல்லும். தவறு! சிறிதிலிருந்து பெரிதாக ஏறும் எந்த மூன்று எண்களும் அந்த விதிக்கு உட்பட்டவையே. 1, 7, 50 என்று ஒருமுறை சொல்லிப் பார்த்திருந்தால் ஐயம் பிறந்திருக்கும். ஆனால் சோதனையில் கலந்துகொண்ட பெரியவர்களில் பெரும்பாலோரும் முதல் தடவையில் தவறினார்கள். நம் எண்ணத்துக்கு 'ஆம்' கிடைக்கும் இடத்திலேயே கேட்கிறோம். 'இல்லை' கிடைக்கக்கூடிய இடத்தில் கேட்பதில்லை.

ஒவ்வொரு மாதமும் வந்த 4,800 ரூபாய் எனக்கு ஒரு 'ஆம்'. ஐந்து முறை 'ஆம்' கிடைத்தது. ஆனால் நேர்மையான நிறுவனமும் வட்டி தரும். மோசடி நிறுவனமும், ஆள் சேரும்வரை, வட்டி தரும். ஆகவே வட்டி வருவது எதையும் நிரூபிக்காது. முதலைத் திரும்பக் கேட்பதுதான் 'இல்லை' கிடைக்கக்கூடிய இடம். அதை நான் கேட்கவில்லை. 1920-இல் பாஸ்டன் நகரில் சார்ல்ஸ் பான்சி, 45 நாளில் நூற்றுக்கு ஐம்பது இலாபம் தருவதாகச் சொல்லிப் பணம் திரட்டினார். வெளிநாட்டுத் தபால் கூப்பன்களை வாங்கி விற்பதே தம் தொழில் என்றார். அவர் வாங்கியிருந்த பணத்துக்கு ஏறக்குறைய 16 கோடி கூப்பன்கள் புழக்கத்தில் இருக்கவேண்டும், இருப்பதோ சுமார் 27,000 என்று பத்திரிகையில் அம்பலமான பின்பும், அவருடைய வாசலில் பணம் கட்ட ஆட்கள் வந்தார்கள். ஏனெனில் பக்கத்து வீட்டுக்காரர் கையில் இலாபம் வந்திருந்தது. அதைக் கண்ணால் கண்டிருந்தார்கள்.

இனி, நான் சொல்லத் தயங்கிக்கொண்டிருக்கிற பகுதி.

எங்கள் சபையில் ஒரு சகோதரி இருந்தார். கணவரை இழந்தவர். தாராவியில் விடியற்காலை மூன்று மணிக்கு எழுந்து இட்லி அவித்து, பாத்திரத்தில் சுமந்துபோய் விற்று, ஒரே மகனைப் படிக்க வைத்துக்கொண்டிருந்தார். நான் பணம் போட்ட நான்காம் மாதத்தில் ஒரு புதன்கிழமை ஜெபக்கூட்டம் முடிந்தபின் என்னிடம் வந்து, "பாஸ்டர் ஐயா, நீங்களும் அதுல போட்டிருக்கீங்களா?" என்று கேட்டார். நான் யாரையும் சேரச் சொன்னதில்லை. பிரசங்க பீடத்தில் அதைக் குறித்து ஒரு சொல்லும் பேசியதில்லை. அதனால் என் மனச்சாட்சி சுத்தமாயிருப்பதாக எண்ணியிருந்தேன். "ஆமாம்மா, இதுவரைக்கும் சரியாத்தான் வருது" என்றேன். சொன்னது அவ்வளவுதான், அதில் பொய்யும் இல்லை. மறுநாள் அவர் 40,000 ரூபாயைக் கொண்டுபோய்க் கட்டினார். அவர் காதில் விழுந்தது என்னுடைய அந்த ஒரு வாக்கியம் அல்ல, எனக்குப் பின்னால் அவர் வைத்திருந்த மதிப்பு முழுவதும்.

அவருக்கு ஒரே ஒருமுறை 2,400 ரூபாய் வந்தது. அடுத்த மாதம் எவருக்கும் வரவில்லை. அலுவலகத்துக்குப் போனோம், "கணினி மாற்றுகிறார்கள், பத்து நாள் ஆகும்" என்றார் வாசலில் இருந்தவர். அவரை நம்பித் திரும்பினோம்! அந்தப் பத்து நாளும் மற்றவர்களுக்குச் சமாதானம் சொன்னவன் நான்தான். "அடுத்த மாதம் சேர்த்துத் தருவார்கள்" என்று என் வாயால் சொன்னேன். இதற்குள் எனக்கு உள்ளூரத் தெரிந்திருந்தது என்றே இப்போது நினைக்கிறேன். ஆனால் தெரிந்ததாக ஒப்புக்கொண்டால், அந்தச் சகோதரியின் முகத்தை நான் பார்க்கவேண்டியிருக்குமே! மதியீனத்தின் முதற்பகுதி பணத்தைக் கொடுப்பது. இரண்டாம் பகுதி, கொடுத்தது சரி என்று வாதாடுவது. அதற்கு நம் அறிவு முழுவதும் பயன்படுகிறது. படித்தவன் நன்றாகவே வாதாடுவான்.

அவர் என்னை ஒரு சொல்லும் கடிந்துகொள்ளவில்லை. என் மனைவிதான், "அவங்க பணத்தை நாம கொடுத்தாகணும்" என்றாள். நான் பல நியாயங்களைச் சொல்லிப் பார்த்தேன். முடிவில் மாதம் 800 ரூபாய் வீதம் நாற்பத்தேழு மாதங்கள் கொடுத்தோம். இதை என் நேர்மைக்குச் சாட்சியாக எழுதவில்லை. மனைவி வற்புறுத்தியிராவிட்டால் நான் ஜெபத்தோடு நிறுத்தியிருப்பேன். அப்பாவின் வீட்டுக் கூரை ஒழுகிக்கொண்டே இருந்தது. அவர் 2010-இல் காலமானார்.

அதன்பின் நான் எனக்கென்று ஏற்படுத்திக்கொண்ட வழக்கம் ஒன்று உண்டு. ஐயாயிரம் ரூபாய்க்கு மேற்பட்ட எந்தக் காரியமானாலும் தூத்துக்குடிக்கு ஒரு தொலைபேசி அழைப்பு. அவர் ஆம் என்று சொல்லுவார் என்று எனக்குத் தோன்றினால், வேறொருவரையும் அழைக்கிறேன். "யாரிடமும் சொல்லாதீர்கள், இடம் குறைவாக இருக்கிறது", "இன்றே முடிவு செய்யுங்கள்" என்று ஒருவர் சொன்னால் அந்த இடத்திலேயே எழுந்துவிடுகிறேன். நம்மைத் தனிமைப்படுத்துவதும் அவசரப்படுத்துவதும்தான் அவர்களுடைய தொழில். 2019-இல் முறைப்படுத்தப்படாத வைப்புத் திட்டங்களைத் தடைசெய்யும் சட்டம் வந்தது. ரிசர்வ் வங்கியின் 'சசேத்' இணையதளத்தில் ஒரு நிறுவனம் பதிவு பெற்றதா என்று பார்க்கலாம், புகாரும் கொடுக்கலாம். இவையெல்லாம் 2007-இல் இருந்திருந்தால் நான் பார்த்திருப்பேனா? தெரியவில்லை. தூத்துக்குடிக்குத் தொலைபேசி அப்போதும் இருந்ததே.

சென்ற ஆண்டு ஓர் இரவு அந்த இட்லிக்காரச் சகோதரி அழைத்தார். மகன் இப்போது ஒரு மென்பொருள் நிறுவனத்தில் நல்ல வேலையில் இருக்கிறான். அவருக்கு இட்லிப் பாத்திரத்தைச் சுமக்கும் வேலை இல்லை. "ஐயா, தம்பி ரெண்டு நாளா சாப்பிடல, ஒருதரம் வந்துட்டுப் போங்க" என்றார். போனேன். பையன் கைப்பேசியில் ஒரு வர்த்தகச் செயலியைக் காட்டினான். வாட்ஸப் குழு ஒன்றில் அறிமுகமானது. தினமும் அந்தக் குழுவில் இலாபம் பெற்றவர்கள் படம் போட்டுக்கொண்டிருந்தார்கள். இவன் கட்டிய 60,000 ரூபாய், திரையில் 1,94,000 ஆக வளர்ந்திருந்தது. எடுக்கப்போனால் முதலில் வரி கட்டவேண்டும் என்றார்கள்; 15,000 கட்டினான். இப்போது கணக்கை விடுவிக்க இன்னும் 28,000 கேட்கிறார்கள்.

தரையில் பாய் விரித்து உட்கார்ந்தோம். வரியைத் திரையிலுள்ள இலாபத்திலேயே பிடித்துக்கொள்ளச் சொல்லிக் கேட்டாயா என்றேன். கேட்டிருந்தான்; விதி இடம் கொடுக்காது என்று பதில். அந்தக் குழுவில் எவரையாவது நேரில் தெரியுமா என்றேன். இல்லை. என்னைவிட நன்றாகக் கணக்குத் தெரிந்த பிள்ளை. இரண்டு மணி நேரம் எனக்கு ஒவ்வொன்றையும் விளக்கினான். "இவ்வளவு கட்டிட்டேன் அங்கிள், இந்த ஒரு தடவை மட்டும் கட்டிட்டா மொத்தமும் வெளிய வந்துடும். இப்ப விட்டா எல்லாமே போயிடும்" என்றான்.

அவன் தாயார் சுவரோரமாய் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தார். தலை நிமிராமலே, "நம்ம பாஸ்டர் ஐயாவும் அன்னைக்கு இப்படித்தாண்டா சொன்னாங்க, அடுத்த மாசம் சேர்த்து வந்துடும்னு" என்றார்.

பையன் என்னைப் பார்த்தான். நான் ஆமென்று தலையசைத்தேன். அவன் கைப்பேசியைப் பாயின்மேல் கவிழ்த்து வைத்தான். பத்தரை மணிக்கு 1930 என்ற எண்ணுக்கு அழைத்து, புகாரைப் பதிவு செய்தோம். அந்த 28,000 போகவில்லை. முன்பே போன 75,000 இந்நாள்வரை வரவில்லை.